லேசிக்கும் புருவ டாட்டூவும்: எதை முதலில் செய்வது, எவ்வளவு நாள் இடைவெளி விடுவது

அறுவை சிகிச்சை அன்று காலை அந்தப் பெண்ணை முகம் கழுவிவிட்டு வரச் சொன்னோம். மேக்கப் கரைந்து போனதும் இரண்டு புருவத்திலும் கருஞ்சிவப்பாகப் பொருக்கு தெரிந்தது. ஆறு நாளைக்கு முன்னால்தான் மைக்ரோபிளேடிங், அதாவது புருவத்தில் கீறி மை ஏற்றும் டாட்டூ, செய்திருந்தாள். "புருவம்தானே அக்கா, கண்ணுக்கும் அதுக்கும் என்ன சம்பந்தம்?" என்று கேட்டாள். டாக்டர் பார்த்தார், கண்ணாடி போடாமல் பார்ப்பதற்காகச் செய்யும் அந்த லேசர் சிகிச்சை, லேசிக், அன்றைக்கு வேண்டாம் என்று சொல்லிவிட்டார். இரண்டு வாரமாகக் கான்டாக்ட் லென்ஸைத் தொடாமல் இருந்து, ஆபீசில் லீவு வாங்கி, அம்மாவையும் அழைத்துக்கொண்டு ராத்திரி பஸ்ஸில் வந்தவள். அழுதுகொண்டே திரும்பிப் போனாள்.

லேசிக்குக்கு முந்தைய பரிசோதனை அறையில் வேலை பார்ப்பவள் நான். அந்தப் பெண் மேல் எனக்குக் கோபம் வரவில்லை. பார்லரில் அவளிடம் யாரும் கண் சிகிச்சை பற்றிக் கேட்கவில்லை. எங்கள் பக்கத்திலும் யாரும் புருவம் பற்றிக் கேட்கவில்லை. யாராவது ஒருவர் கேட்டிருந்தால் அவளுக்கு அந்த நாள் வீணாகியிருக்காது. அன்றிலிருந்து என் முன்னால் உட்காரும் ஒவ்வொரு பெண்ணிடமும் கேட்கிறேன். அப்படிக் கேட்டுச் சொல்லிச் சொல்லிப் பழகியதைத்தான் இங்கே எழுதுகிறேன். இரண்டும் உங்களுக்குப் புதிது என்று வைத்துக்கொண்டே சொல்கிறேன்.

முதலில் ஒரு வீண் பயம்

"டாட்டூ மையில் இரும்பு இருக்காமே, லேசர் பட்டால் சூடாகிப் புருவம் வெந்துவிடுமா?" இதைத்தான் அதிகம் பேர் கேட்கிறார்கள். புருவ மைகளில் இரும்பு ஆக்சைடு இருப்பது உண்மைதான். ஆனால் லேசிக் லேசர் புருவத்தின் மேல் விழுவதே இல்லை. கண்ணின் முன்பக்கம் கண்ணாடி போல் இருக்கும் கருவிழியின் மேல் மட்டும் விழுகிறது. அந்த எக்ஸைமர் லேசர் 193 நானோமீட்டர் அலைநீளம் கொண்ட புறஊதாக் கதிர். ஒரு துடிப்புக்குச் சுமார் கால் மைக்ரான் (மைக்ரான் என்பது மில்லிமீட்டரில் ஆயிரத்தில் ஒரு பங்கு) திசுவை மட்டும் எடுக்கும், பக்கத்தில் இருப்பதைச் சுடாது.

இந்தக் குணத்தைக் கண்டுபிடித்தவர்களில் ஒருவர் நம் சென்னைப் பல்கலைக்கழகத்தில் படித்தவர் என்பதை இங்கே சொல்லாமல் இருக்க முடியவில்லை. ரங்கசாமி சீனிவாசன். 1981 நவம்பரில் அமெரிக்காவில் ஐ.பி.எம். ஆய்வுக்கூடத்தில், பண்டிகை விருந்தில் மிஞ்சிய வான்கோழியின் துண்டு ஒன்றின் மேல் எக்ஸைமர் லேசரைச் செலுத்திப் பார்த்தார். சுற்றிலும் கருகாமல் சுத்தமாக வெட்டு விழுந்திருந்தது. கருவிழியைச் சுடாமல் செதுக்கும் இன்றைய சிகிச்சைக்கு வழி திறந்தது அதுதான்.

பயம் எங்கிருந்து வந்திருக்கும் என்று எனக்கு ஒரு ஊகம் உண்டு. டாட்டூவை அழிப்பதற்கும் லேசர் இருக்கிறது. அது வேறு ஜாதி லேசர். மையைத் தேடிப் பிடித்துச் சூடாக்கி உடைப்பதுதான் அதன் வேலை. இரும்பு ஆக்சைடும் டைட்டானியம் டைஆக்சைடும் கலந்த மை அந்த லேசர் பட்டால் கறுத்தே போகலாம். கண்ணுக்குப் பக்கத்தில் அதைப் பயன்படுத்தும்போது கருவிழியின் மேல் உலோகக் கவசம் வைக்க வேண்டியிருக்கும். பழைய புருவ டாட்டூவை அழிக்க நினைப்பவர்கள் தோல் டாக்டரிடம் போங்கள். லேசிக் செய்யப்போகும் மாதங்களில் அதை வைத்துக்கொள்ளாதீர்கள்.

உண்மையான ஆபத்து லேசரில் இல்லை. இரண்டு விரல் தூரத்தில் இரண்டு காயங்கள் ஒரே சமயத்தில் ஆறிக்கொண்டிருப்பதில்தான் இருக்கிறது. ஒன்றின் கிருமி மற்றதற்குப் போகும். ஒன்றுக்குப் பூசும் க்ரீம் மற்றதில் வழியும். ஒன்றின் மேல் ஒட்டும் பிளாஸ்திரி மற்றதன் பொருக்கைப் பிய்க்கும். இனி வரும் நாள்கணக்கு முழுவதும் இந்தக் காரணத்திலிருந்து வருவதுதான்.

படி 1: உங்களுக்குச் செய்யப்போவது எந்தச் சிகிச்சை என்று கேளுங்கள்

எல்லோரும் பொதுவாக "லேசிக்" என்றுதான் சொல்கிறோம். உண்மையில் மூன்று வகை உண்டு, ஒவ்வொன்றும் ஆறும் விதம் வேறு.

லேசிக்கில் கருவிழியின் மேற்பரப்பில் மெல்லிய மடல் ஒன்றை வெட்டித் திறப்பார்கள். கருவிழியின் நடுப்பகுதி சுமார் 540 மைக்ரான் தடிமன், மடல் அதில் 100 முதல் 120 மைக்ரான் வரை இருக்கும். உள்ளே லேசரால் செதுக்கிவிட்டு மடலைத் திரும்ப மூடிவிடுவார்கள். தையல் கிடையாது. ஓரம் ஒன்றிரண்டு நாளில் மூடிக்கொள்ளும், மறுநாளே பார்வை தெளியும். அதனால் எல்லாம் ஆறிவிட்டது என்று தோன்றும். ஆனால் மடலின் உட்பக்கம் பழைய பலத்தோடு முழுதாக ஒட்டுவதே இல்லை. வருடங்கள் கழித்துக்கூடக் கண்ணில் பலமாக அடிபட்டு மடல் நகர்ந்தவர்கள் உண்டு.

ஸ்மைல் முறையில் மடல் இல்லை. இரண்டு முதல் நான்கு மில்லிமீட்டர் அளவுக்குச் சின்ன வெட்டு போட்டு, அதன் வழியே உள்ளிருந்து ஒரு மெல்லிய சில்லை உருவி எடுத்துவிடுவார்கள். மடல் நகரும் என்ற பயம் இதில் கிடையாது. தொற்றும் வறட்சியும் இதிலும் வரக்கூடியவைதான்.

பி.ஆர்.கே. வேறு மாதிரி. கருவிழியின் மேல்தோலை நீக்கிவிட்டு நேரடியாக லேசர் செய்வார்கள். மேல்தோல் திரும்ப வளரும்வரை, மூன்று முதல் ஐந்து நாள், கண்ணில் கட்டுப்போடுவது போல ஒரு லென்ஸ் வைத்திருப்பார்கள். வலிக்கும், வெளிச்சம் கூசும், கண்ணீர் கொட்டும். பார்வை நிலைபெற மாதக்கணக்கு ஆகலாம். ஸ்டீராய்டு சொட்டு மருந்தும் நீண்ட நாள் போகும்.

உங்கள் கேஸ் ஷீட்டில் எந்தப் பெயர் எழுதியிருக்கிறது என்று பார்த்து, போனில் குறித்துவைத்துக்கொள்ளுங்கள். பின்னால் புருவம் செய்பவரிடம் சொல்ல வேண்டியது அந்தப் பெயரைத்தான்.

படி 2: புருவத்தில் என்ன நடக்கிறது என்று தெரிந்துகொள்ளுங்கள்

நம் பாட்டிகள் கையில் குத்திக்கொண்ட பச்சை ஆயுசுக்கும் இருந்தது. மைக்ரோபிளேடிங்கில் நுண்ணிய ஊசிகளை வரிசையாக வைத்த சிறு கத்தியால் முடி முடியாகக் கீறி மையை ஏற்றுகிறார்கள். பவுடர் பிரோஸ் என்பது மெஷினால் புள்ளி புள்ளியாகக் குத்துவது. இரண்டிலும் மை மேலோட்டமாகவே இறங்குவதால் ஒன்றிலிருந்து மூன்று வருடத்துக்குள் மங்கிவிடும்.

மங்கும் என்பதற்காக அது காயம் இல்லை என்று ஆகிவிடாது. முதல் சில நாள் நீர் கசியும். ஒரு வாரம், பத்து நாளுக்குள் பொருக்கு கட்டி உதிரும். வெளித்தோல் இரண்டு வாரத்தில் ஆறிய மாதிரி தெரியும். உள்ளே முழுதாக ஆற நான்கு முதல் ஆறு வாரம். அதன்பிறகு, ஆறு முதல் எட்டு வாரத்தில், விட்டுப்போன இடங்களுக்கு டச்-அப் செய்வார்கள். அந்த டச்-அப் ஒரு புதுக் காயம், அதற்கும் நாளை முதலிலிருந்துதான் எண்ண வேண்டும். பலர் இதைக் கணக்கில் சேர்ப்பதே இல்லை.

கிருமியைப் பற்றி ஒன்று. காசநோய்க் கிருமியின் உறவுக்கார நுண்ணுயிர்கள் சில குழாய்த் தண்ணீரிலும் மண்ணிலும் சாதாரணமாக வாழ்கின்றன. அவற்றில் ஒன்றான மைக்கோபாக்டீரியம் கெலோனே, 2011இல் நியூயார்க் மாநிலத்தின் ரோசெஸ்டர் நகரில் டாட்டூ குத்திக்கொண்ட 19 பேரின் தோலில் தொற்றாக வந்தது. கலந்து புட்டியில் அடைத்து விற்ற சாம்பல் நிற மையில் அது இருந்தது. சுவிட்சர்லாந்தில் ஒரே அழகுக்கலைஞரிடம் புருவம் குத்திக்கொண்ட 12 பேருக்கு இதே குடும்பத்தைச் சேர்ந்த இன்னொரு கிருமி தொற்றியிருக்கிறது. நான் இதை இங்கே சொல்வதற்குக் காரணம், லேசிக் மடலுக்கு அடியில் புகுந்து ஆறாத புண் உண்டாக்கும் கிருமிகளிலும் மைக்கோபாக்டீரியம் கெலோனே முக்கியமானது. அரிதுதான். ஆனால் வந்துவிட்டால் சாதாரண ஆன்டிபயாடிக் சொட்டுக்கு அடங்காது, சிகிச்சை வாரக்கணக்கிலும் மாதக்கணக்கிலும் போகும்.

படி 3: வரிசையை முடிவு செய்யுங்கள். என் பேச்சைக் கேட்டால், கண் முதலில்

இரண்டு வரிசையும் சாத்தியம்தான். இருந்தாலும் இரண்டில் எதையும் இன்னும் தொடங்காதவர் கேட்டால் கண்ணை முதலில் முடியுங்கள் என்றுதான் சொல்வேன். இதற்கு மருத்துவக் காரணத்தைவிட எளிமையான காரணம் ஒன்று இருக்கிறது.

புருவம் வரையும்போது கண்ணாடியைக் கழற்றச் சொல்வார்கள். லென்ஸையும் எடுத்துவிடச் சொல்வார்கள். மைனஸ் ஐந்து, ஆறு பவர் உள்ள பெண், நூல் வைத்து அளந்து பென்சிலால் வரைந்த வடிவத்தை முகக்கண்ணாடியில் பார்த்துச் "சரி" சொல்ல வேண்டும். அவளுக்கு என்ன தெரியும்? இரண்டு மங்கலான கோடுகள் தெரியும். ஒன்று ஏறி, ஒன்று இறங்கியிருந்தாலும் கண்டுபிடிக்க முடியாது. அந்தச் "சரி" இரண்டு வருடம் முகத்தில் இருக்கப்போகிறது. லேசிக் முடிந்தபின் போனால் தன் புருவத்தைத் தன் கண்ணாலேயே பார்த்து முடிவு செய்யலாம்.

இன்னொன்றும் உண்டு. பத்து வருடம் கண்ணாடி போட்ட முகத்தில் ஃபிரேமின் மேல்விளிம்புதான் புருவம் மாதிரி இருந்திருக்கும். அது போனதும் முகமே வேறாகத் தெரியும். அடர்த்தியாக வேண்டும் என்று நினைத்தவர்கள் கண்ணாடி போனபின் "இருக்கிறதே போதும்" என்று சொன்னதை நான் பார்த்திருக்கிறேன்.

புருவத்தை முதலில் செய்தால் ஒரு நடைமுறைச் சிக்கலும் வரும். லேசிக் பரிசோதனைக்கு முன் சாஃப்ட் லென்ஸை இரண்டு வாரமும், சிலிண்டர் பவருக்கான டோரிக் லென்ஸ் அல்லது காற்றுப் புகும் கடின லென்ஸை மூன்று வாரமும் நிறுத்த வேண்டும். அந்த நாட்களில் கண்ணாடிதான் கதி. ஆறாத புருவத்தின் மேல் ஃபிரேம் உரசிக்கொண்டே இருக்கும், வியர்வை தேங்கும்.

கடைசியாக, பரிசோதனையில் சிலருக்குக் கருவிழி மெலிந்திருப்பது தெரியவரும். லேசிக் வேண்டாம், பி.ஆர்.கே. செய்யலாம், அல்லது எதுவுமே வேண்டாம் என்று டாக்டர் சொல்லக்கூடும். அது தெரியாமல் புருவத்துக்குத் தேதி வாங்கி முன்பணம் கட்டாதீர்கள்.

படி 4: கண்ணுக்குப் பின் புருவம். நாட்களை எண்ணுவது

முதல் வாரம் கண்ணுக்குள் தண்ணீர் போகக் கூடாது. தலைக்குக் குளிக்கக் கூடாது. தூக்கத்தில் கசக்கிவிடாமல் இருக்க ராத்திரியில் பிளாஸ்டிக் கவசத்தை நெற்றியிலும் கன்னத்திலும் டேப் போட்டு ஒட்டுவோம். அந்த டேப் சரியாகப் புருவத்தின் மேல்தான் வரும். இந்த வாரத்தில் புருவம் பற்றிய யோசனையே வேண்டாம்.

இரண்டு வாரம் வரை கண்ணைச் சுற்றி மேக்கப், மை, க்ரீம் எதுவும் கிடையாது. நான்கு வாரம் வரை யாரும் இமையை இழுக்கவோ அழுத்தவோ கூடாது.

லேசிக், ஸ்மைல் இரண்டுக்கும் ஒரு மாதம் என்பது கீழ் எல்லை. அதற்கு முன் எந்தக் காரணத்துக்காகவும் புருவம் குத்தாதீர்கள். நான் என் தங்கைக்குச் சொல்வதாக இருந்தால் மூன்று மாதம் என்பேன். பி.ஆர்.கே. செய்தவர்களுக்கு மூன்று மாதம்தான் கீழ் எல்லை, ஸ்டீராய்டு சொட்டும் நின்றிருக்க வேண்டும். டாக்டருக்கு டாக்டர் இந்தக் கணக்கு கொஞ்சம் மாறும். உங்கள் கண்ணை மைக்ரோஸ்கோப்பில் பார்த்தவர் சொல்வதுதான் உங்களுக்குக் கணக்கு.

மூன்று மாதம் ஏன் என்று நிறையப் பேர் சலித்துக்கொள்கிறார்கள். மடல் வெட்டும்போது கருவிழியின் நரம்புகளும் அறுபடுகின்றன. அவை திரும்ப வளர மாதங்கள் ஆகும். அதுவரை இரண்டு விளைவு. ஒன்று, கண் வறட்சி, இது எல்லோருக்கும் தெரியும். மற்றது பலருக்குத் தெரியாது: கண்ணின் உணர்ச்சியே குறைந்திருக்கும். தூசி விழுந்தாலும், க்ரீம் வழிந்தாலும், வழக்கமாகச் சுரீரென்று எரிந்து நம்மை எச்சரிக்கும் கண், எச்சரிக்காமல் இருந்துவிடலாம். புருவத்தில் பூசும் மரத்துப்போகும் க்ரீம்களில் லிடோகெய்னும் பிரிலோகெய்னும் கலந்த வகை பரவலாகப் புழங்குகிறது. அது காரத்தன்மை உள்ளது, கண்ணில் பட்டால் கருவிழியின் மேல்தோலை அரித்துவிடும். கூடவே கண்ணையும் மரத்துப்போகச் செய்துவிடும். ஏற்கெனவே உணர்ச்சி குறைந்த கண்ணில் அது போனால், வீட்டுக்கு வந்து சாயங்காலம் கண் சிவந்தபின்தான் தெரியும்.

இன்னொரு காரணமும் உண்டு. சிலருக்குக் கொஞ்சம் பவர் மிஞ்சும். திரும்ப ஒரு முறை லேசர் தேவையா என்பதைப் பார்வை நிலைபெற்ற பிறகே முடிவு செய்வார்கள். மூன்றாம் மாதப் பரிசோதனைக்குப் போய், "இனி ஒன்றும் செய்ய வேண்டியதில்லை" என்று கேட்டுவிட்டு, அங்கிருந்தே புருவத்துக்கு நாள் குறியுங்கள்.

புருவம் ஏற்கெனவே செய்தாகிவிட்டது என்றால்

பதற வேண்டாம். ஆறிய புருவ டாட்டூ லேசிக்குக்கு எந்த விதத்திலும் தடை இல்லை. கடைசியாகக் குத்திய நாளிலிருந்து, டச்-அப் செய்திருந்தால் அந்த நாளிலிருந்து, குறைந்தது நான்கு வாரம் போகட்டும். பொருக்கு, சிவப்பு, அரிப்பு, சின்னக் கட்டி ஒன்றுமே இருக்கக் கூடாது. அறுவை மேஜையில் இமையையும் சுற்றியுள்ள தோலையும் போவிடோன் அயோடின் என்ற கிருமிநாசினி வைத்துத் துடைப்போம், இமை முடி குறுக்கே வராமல் ஒட்டும் துணி போடுவோம். ஆறாத தோலில் இதெல்லாம் எரியும், பிய்யும்.

முதல் முறை குத்தியாயிற்று, டச்-அப் பாக்கி, நடுவில் லேசிக் தேதி கிடைத்துவிட்டது என்று வருபவர்களும் உண்டு. அப்போது டச்-அப்பைத் தள்ளிவையுங்கள். நான்கு வாரம் ஆறவிட்டு லேசிக், பிறகு மூன்று மாதம் கழித்து டச்-அப். நிறம் கொஞ்சம் மங்கியிருக்கும், பார்லரில் கூடுதலாகப் பணம் கேட்கலாம். கேட்கட்டும், கொடுத்துவிடுங்கள்.

எந்த நிலையிலும் எங்களிடம் மறைத்து மேக்கப் போட்டுக்கொண்டு வராதீர்கள். யாரும் திட்ட மாட்டோம்.

படி 5: தை மாதக் கல்யாணத்துக்கு ஒரு கணக்கு

என்னிடம் வருகிறவர்களில் பாதிப் பேருக்கு முகூர்த்தம் குறித்தாகியிருக்கும். அதனால் பின்னாலிருந்து எண்ணிக் காட்டுகிறேன்.

கல்யாணம் தையில், பிப்ரவரி முதல் வாரம் என்று வையுங்கள். புருவத்தின் கடைசி வேலை, அதாவது டச்-அப், அதற்கு நான்கு வாரம் முன்னால் முடிந்திருக்க வேண்டும்: மார்கழி, ஜனவரி முதல் வாரம். முதல் முறை குத்துவது அதற்கு ஆறேழு வாரம் முன்னால்: கார்த்திகைத் தொடக்கம், நவம்பர் மூன்றாம் வாரம். அதற்கு மூன்று மாதம் முன்னால் லேசிக்: ஆகஸ்ட் முதல் பாதி, ஆடி முடிவதற்குள். லென்ஸை நிறுத்துவது ஜூலை நடுவில், ஆடி பிறக்கும்போது. ஆடியில் கண், கார்த்திகையில் புருவம், தையில் கல்யாணம் என்று மனதில் வைத்துக்கொண்டால் போதும். கத்திரி வெயிலும் வியர்வையும் இல்லாத மாதங்களில் புருவம் ஆறுவது கூடுதல் லாபம்.

இவ்வளவு நாள் கையில் இல்லை என்றால் இரண்டில் ஒன்றைக் கல்யாணத்துக்குப் பின் வைத்துக்கொள்ளுங்கள். எதை விடுவது என்று கேட்டால் புருவத்தைத்தான். முகூர்த்தத்தன்று பென்சிலாலும் பவுடராலும் புருவம் வரைந்துவிடலாம்.

நலங்கில் ஒரு கவனம் வேண்டும். அத்தைமார் ஆசையோடு மஞ்சளும் எண்ணெயும் முகத்தில் தேய்ப்பார்கள். புருவம் ஆறிக்கொண்டிருந்தால் அதைத் தவிர்த்துப் பூசச் சொல்லுங்கள். ஃபேஷியலும் பிளீச்சும் அப்படித்தான், பிளீச் மையையும் வெளிறவைக்கும். விபூதி, குங்குமம் வைக்கும்போது தூள் புருவத்தில் உதிராமல் பார்த்துக்கொள்ளுங்கள். சீயக்காய்த் தூள் வேண்டாம், அது புருவத்துக்கும் ஆகாது, கண்ணுக்கும் ஆகாது.

படி 6: புருவம் குத்தும் நாளில்

போவதற்கு இரண்டு நாள் முன்பே காதுக்குப் பின்னால் மையையும் க்ரீமையும் கொஞ்சம் தடவிச் சோதிக்கச் சொல்லுங்கள். கறுப்பு மருதாணிக் கோனோ தலைச்சாயமோ உங்களுக்கு முன்பு அரித்திருந்தால் கட்டாயம் சொல்லுங்கள்.

உட்கார்ந்ததும் முதல் வாக்கியம் இதுவாக இருக்கட்டும்: "எனக்கு இந்த வகைக் கண் சிகிச்சை, இந்தத் தேதியில் நடந்திருக்கிறது. கண்ணை அழுத்தக் கூடாது." புருவத்தைக் கீறும்போது தோலை இறுக்கிப் பிடிக்க வேண்டும். பழகிய கலைஞர் நெற்றியிலும் கன்ன எலும்பிலும் கையை ஊன்றிக்கொள்வார். கண் குழியின் மேல் உள்ளங்கையை வைப்பவராக இருந்தால் எழுந்து வந்துவிடுங்கள்.

கத்தியும் ஊசியும் உங்கள் முன்னால் உறை பிரிக்கப்பட வேண்டும். மையைக் குழாய்த் தண்ணீரில் கலக்கக் கூடாது, துடைப்பதும் கிருமி நீக்கிய சலைனில் இருக்கட்டும்.

க்ரீம் புருவத்தின் மேல் மட்டும் கெட்டியாக இருக்க வேண்டும், மேல் இமைக்கு இறங்கக் கூடாது. மேலே பிளாஸ்டிக் தாள் போட்டால் அது இமைவரை நீளக் கூடாது, சூட்டில் இளகி வழியும். துடைக்கும்போது பொட்டுப் பக்கமாக, வெளிநோக்கித் துடைக்கச் சொல்லுங்கள். பாதி வேலையில், கீறிய தோலின் மேல் இரண்டாவதாக ஒரு மரப்பு மருந்து ஊற்றுவார்கள். அது பெரும்பாலும் தண்ணீர் போல இருக்கும், ஆபத்து அதில்தான் அதிகம். தாங்கக்கூடிய வலியென்றால் வேண்டாம் என்று சொல்லிவிடுங்கள்.

கண்ணில் பட்டுவிட்டால், எரிந்தாலும் எரியாவிட்டாலும், வேலையை நிறுத்திவிட்டு ஓடும் சுத்தமான தண்ணீரில் 15 நிமிடம் தொடர்ந்து கழுவுங்கள். கசக்காதீர்கள். கழுவிவிட்டு நேராகக் கண் ஆஸ்பத்திரிக்கு.

உங்கள் செயற்கைக் கண்ணீர்ச் சொட்டைக் கையோடு எடுத்துப் போங்கள். இரண்டு மணி நேரம் பளீரென்ற விளக்கின் கீழ் படுத்திருப்பீர்கள். இடையிடையே நிறுத்தச் சொல்லி, கை கழுவிவிட்டுச் சொட்டு விட்டுக்கொள்ளுங்கள். வீட்டிலும் இதே வரிசை: கை கழுவுதல், முதலில் கண்ணுக்குச் சொட்டு, பிறகு புருவத்துக்கு அரிசி அளவு களிம்பு. களிம்பைத் தொட்ட விரல் கண்ணுக்குப் போகக் கூடாது. மல்லாந்து படுங்கள்.

இரண்டு இடத்திலும் மறைக்கக் கூடாதவை

வியப்பாக இருக்கும், கண் டாக்டரும் புருவம் செய்பவரும் கேட்க வேண்டிய கேள்விகள் ஏறக்குறைய ஒன்றேதான். முகப்பருவுக்கு ஐசோட்ரெட்டினாயின் மாத்திரை எடுக்கிறீர்களா? அது கண்ணையும் உலர்த்தும், தோல் ஆறுவதையும் கெடுக்கும். கர்ப்பமா, தாய்ப்பால் கொடுக்கிறீர்களா? அப்போது கண் பவரும் நிலையாக இருக்காது, புருவமும் தள்ளிப்போடலாம். காயம் பட்ட இடம் தடித்து வளரும் உடம்பா? சர்க்கரை கட்டுக்குள் இருக்கிறதா? முடக்குவாதம் போன்ற நோய் உண்டா? கண்ணிலோ உதட்டிலோ ஹெர்பிஸ் கொப்புளம் வந்ததுண்டா? இவற்றில் ஒன்றுக்கு "ஆமாம்" என்றாலும் இரண்டு பேரிடமும் சொல்லுங்கள்.

ஐலைனர் டாட்டூ, ஒட்டு இமை, த்ரெட்டிங்

ஐலைனர் டாட்டூவை நான் யாருக்கும் பரிந்துரைக்க மாட்டேன், லேசிக் செய்தவர்களுக்கு நிச்சயமாக மாட்டேன். இமை விளிம்பில் கண்ணீருக்கு எண்ணெய் சுரக்கும் சுரப்பிகள் வரிசையாக இருக்கின்றன. ஊசி அங்கே இறங்கினால் அவை கெடும், வறட்சி நிரந்தரமாகிவிடலாம்.

ஒட்டு இமை முடிகளை லேசிக்குக்கு முன்பே முழுதாக எடுத்துவிட்டு வாருங்கள். த்ரெட்டிங் சின்ன விஷயம் என்று நினைப்போம், ஆனால் இமையை நாமே விரலால் இழுத்துப் பிடிக்கிறோம், மேலே பவுடரும் கொட்டுகிறது. சிகிச்சைக்கு ஒரு வாரம் முன்னால் செய்துகொண்டு வந்துவிடுங்கள், அதற்குப் பின் ஒரு மாதம் கழித்துப் போகலாம்.

உடனே வர வேண்டிய அறிகுறிகள்

கண்ணில்: வலி கூடிக்கொண்டே போவது, நேற்றுத் தெளிவாக இருந்த பார்வை இன்று மங்குவது, சிவப்பு, வெளிச்சம் தாங்காமை, பீளை. இவற்றில் எது வந்தாலும் அன்றைக்கே வாருங்கள், காலையில் பார்த்துக்கொள்ளலாம் என்று இருக்காதீர்கள்.

புருவத்தில்: சிவப்பு பரவுவது, சீழ், காய்ச்சல். ஒன்றிரண்டு வாரம் நன்றாக இருந்துவிட்டு அப்புறம் சின்னச் சின்னக் கட்டியாகக் கிளம்பினாலோ, காதுக்கு முன்னால் நெறி கட்டினாலோ அது மைக்கோபாக்டீரியமாக இருக்கலாம். அந்தக் கிருமி தாமதமாகத்தான் முகம் காட்டும். பார்லரில் களிம்பு வாங்கிப் போடாமல் தோல் டாக்டரிடமும் கண் டாக்டரிடமும் காட்டுங்கள்.

போன் செய்யும்போது மூன்றைச் சொல்லுங்கள்: எந்தக் கண் சிகிச்சை, எந்தத் தேதி, புருவம் கடைசியாக எப்போது குத்தியது. எடுப்பவர் மூன்றாவதைக் கேட்கவில்லை என்றாலும் நீங்களாகவே சொல்லிவிடுங்கள்.